அம்மா வேடத்துக்கு முன்னால்: பண்டரிபாய்

முதுகலைத் தமிழ் வகுப்பில் திரைத்தமிழ் பற்றி ஒரு தாள் நடத்துகிறேன். 'பராசக்தி' இல்லாமல் அந்தத் தாளை நடத்த முடியாது. ஒவ்வோர் ஆண்டும் வகுப்பறை ஜன்னல்களைச் சாத்திவிட்டு, இருக்கிற புரொஜக்டரில் படத்தை ஓட்டுவேன். பிள்ளைகள் நீதிமன்றக் காட்சிக்காகக் காத்திருப்பார்கள். சிவாஜி பேசத் தொடங்கியதும் பின்வரிசையில் யாராவது கூடவே சேர்ந்து பேசுவார்கள். நானும் பல ஆண்டுகள் அந்தக் காட்சியை வைத்துத்தான் பாடம் நடத்தினேன். அடுக்குமொழி, எதுகை, மேடைப் பேச்சின் தாக்கம் என்று குறிப்பு கொடுத்துவிட்டுப் போய்விடுவேன்.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு மாணவி படம் ஓடிக்கொண்டிருக்கும்போதே கையைத் தூக்கினாள். "மேடம், இந்த விமலாவா நடிக்கிறவங்க 'மன்னன்' படத்து அம்மாதானே? இவங்களும் ஒரு காலத்துல ஹீரோயினா?" வகுப்பு சிரித்தது. நானும் சிரித்தேன். வீட்டுக்குப் போன பிறகுதான் அந்தச் சிரிப்பு உறுத்தியது. சிவாஜி கணேசனைப் பார்த்து 'இவருக்கும் இளமை இருந்ததா' என்று யாரும் கேட்பதில்லை. அவருடைய இளமையும் முதுமையும் நமக்கு மனப்பாடம். அவருக்கு முன்பே சினிமாவுக்கு வந்த அந்தப் பெண்ணுக்கோ நம் நினைவில் ஒரே ஒரு வயதுதான். நரைத்த தலை, நெற்றி நிறையக் குங்குமம், முந்தானையால் கண்ணைத் துடைக்கும் கை.

பண்டரிபாயைப் பற்றி எழுத வேண்டும் என்று அன்று நினைத்தேன். தமிழ்ப் பெண்கள் எழுதும் ஒரு தொகுப்பில் கன்னட நடிகைக்கு என்ன வேலை என்று கேட்பவர்கள் இருக்கலாம். கன்னடத் திரையுலகம் அவரைத் தன் முதல் வரிசைக் கதாநாயகிகளில் ஒருவராகக் கொண்டாடுகிறது. தமிழோ அவரை அம்மாவாக மட்டும் வைத்துக்கொண்டது. ஒரே பெண்ணுக்கு இரண்டு மொழிகள் இரண்டு விதமாக வயது கணக்கிட்டிருக்கின்றன. அந்தக் கணக்கை விரித்துப் பார்ப்பது நமக்கு அவசியம் என்று நினைக்கிறேன்.

கதை சொல்லும் மரபிலிருந்து

இன்றைய கர்நாடகத்தின் உத்தர கன்னட மாவட்டத்தில், அரபிக்கடலை ஒட்டியிருக்கும் ஊர் பட்கல். அங்கே, கொங்கணி பேசும் குடும்பத்தில், 1930ஐ ஒட்டிய ஆண்டுகளில் பிறந்தவர் பண்டரிபாய். ஹரிகதை புழங்கிய குடும்பம். அவரும் சிறுவயதிலேயே ஹரிகதை சொன்னார், புராண நாடகங்களில் நடித்தார். பெயரைப் பாருங்கள். பண்டரிபுரத்து விட்டலனின் ஊர்ப்பெயர் அது. மராத்திய பக்தி மரபு கொங்கணக் கரையோரமாக இறங்கி கன்னட நாட்டில் கலந்ததன் அடையாளத்தை அவர் பெயரிலேயே சுமந்தார்.

ஹரிகதையைக் கொஞ்சம் நினைத்துப் பார்க்க வேண்டும். மேடையில் ஒருவர்தான் நிற்பார். கையில் சப்ளாக்கட்டை. பக்கத்தில் பக்கவாத்தியம். கதையில் வரும் அரசன், அரசி, அசுரன், குழந்தை, கடவுள் எல்லாம் அந்த ஒருவரே. பாடவும் வேண்டும், பேசவும் வேண்டும், நடுவில் கதையை நிறுத்தி நடப்பு உலகத்தைக் கிண்டல் செய்யவும் வேண்டும். ஊர்ப் பெரியவர்கள் உட்கார்ந்திருக்க, நின்றுகொண்டு அவர்களுக்கு உபதேசம் செய்கிற இடம் அது. அந்த இடத்தை ஆண்கள் எளிதில் விட்டுக்கொடுக்கவில்லை. தமிழ்நாட்டில் சி. சரஸ்வதி பாய் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கதை சொல்ல வந்தபோது, பெண் கதை சொல்வதா என்று ஆண் பாகவதர்கள் எதிர்த்தார்கள். அவர் எதிர்ப்பைத் தாண்டி நின்றதால் பின்னால் வந்த பெண்களுக்கு வழி கிடைத்தது.

பண்டரிபாய் இந்தப் பயிற்சியோடுதான் சினிமாவுக்குள் நுழைந்தார். 1943இல் வெளிவந்த 'வாணி' என்ற கன்னடப் படம் அவருக்கு முதல் படம். வயலின் மேதை மைசூர் சௌடையா தயாரித்து நடித்த படம் அது. இயக்கியவர் நாடகக் கம்பெனி நடத்திய ஹிரண்ணையா. அடுத்த ஆண்டே தமிழில் தியாகராஜ பாகவதரின் 'ஹரிதாஸ்' படத்தில் ஒரு சிறு வேடம். அதுவும் பண்டரிபுரத்து விட்டலனின் பக்தன் கதைதான்.

அன்றைக்கு நாடக மேடையிலிருந்து சினிமாவுக்கு வந்த பெண்களுக்குச் சமூகம் என்ன மரியாதை கொடுத்தது என்பதை நாம் அறிவோம். அவர்களுடைய உழைப்பில் கம்பெனிகள் ஓடின, குடும்பங்கள் சாப்பிட்டன. பெண் எடுக்கவும் கொடுக்கவும் மட்டும் அந்தக் குடும்பங்கள் பொருந்தாமல் போயின. இந்த நிலையில் ஒரு பெண் பதின்வயதில் காமிராவின் முன் வந்து நின்று, அடுத்து ஏறக்குறைய ஐம்பது ஆண்டுகள் நின்றார்.

இரண்டு நாயகர்களின் முதல் நாயகி

1952 தீபாவளிக்கு 'பராசக்தி' வந்தது. சிவாஜி கணேசனுக்கு அது முதல் படம். பண்டரிபாய்க்கோ சினிமாவில் ஒன்பது ஆண்டு அனுபவம். இருவருக்கும் ஏறக்குறைய ஒரே வயது.

அந்தப் படத்தில் விமலாவின் இடம் என்ன என்பதைப் பாடம் நடத்தும்போது நானே கவனிக்காமல் விட்டிருந்தேன். குணசேகரன் தன் தங்கைக்கு நேர்ந்த கொடுமைகளைப் பார்த்துக் குமுறுகிறவன். உன் குடும்பத்தின் துயரம் மட்டும்தான் உனக்குத் தெரிகிறதா, நாட்டில் இப்படி எத்தனை பேர் கிடக்கிறார்கள் என்று அவனைக் கேட்பவள் விமலா. நீதிமன்றத்தில் அவன் சமூகத்தையே கூண்டில் ஏற்றுகிறானே, அந்தப் பார்வையை அவனுக்குக் கொடுத்தவள் அவள்தான். எழுபது ஆண்டுகளாக மாணவர் மன்றங்களில் குணசேகரனின் பேச்சைப் பிள்ளைகள் ஒப்பித்துக்கொண்டிருக்கிறார்கள். விமலாவின் பேச்சை ஒப்பித்த ஒரு மாணவியை நான் பார்த்ததில்லை. நான் மாணவியாக இருந்தபோதும் ஒப்பித்ததில்லை.

மறு ஆண்டு 'திரும்பிப் பார்'. பெண் பித்தனாக அலையும் சிவாஜிக்கு அக்காவாகப் பண்டரிபாய். பெண் உடம்புதான் உனக்கு வேண்டுமென்றால் இதோ நான் ஒரு பெண் என்று அக்காவே தம்பியின் முன் வந்து நிற்கும் உச்சக்காட்சியை இன்று பார்த்தாலும் நெஞ்சு பதறும். ஆண் திருந்துவதற்குப் பெண் தன்னை எந்த எல்லைவரை இழிவுபடுத்திக்கொள்ள வேண்டியிருக்கிறது என்ற கேள்வி எனக்கு அந்தக் காட்சியில் உண்டு. ஆனால் அதை நடிப்பதற்கு இருந்த துணிச்சலைக் குறைத்துச் சொல்ல மாட்டேன். முந்தைய ஆண்டு காதலித்தவனுக்கு இந்த ஆண்டு அக்கா. அவர் வயது திரையில் ஓடத் தொடங்கிவிட்டது என்பதையும் குறித்துக்கொள்ள வேண்டும்.

1954 சித்திரைப் புத்தாண்டை ஒட்டி எஸ். பாலசந்தரின் 'அந்த நாள்' வந்தது. ஏவி.எம். தயாரிப்பு. பாட்டே இல்லாத படம். 1943 அக்டோபரில் சென்னையில் ஜப்பான் குண்டு விழுந்த மறுநாள் காலை, வானொலிப் பொறியாளன் ராஜன் சுடப்பட்டுக் கிடக்கிறான். கொன்றது யார்? தம்பியா, தம்பி மனைவியா, அக்கம்பக்கத்தவரா, அவனோடு உறவு வைத்திருந்த பெண்ணா? ஒவ்வொருவர் பார்வையிலும் கதை விரிந்து, கடைசியில் மனைவி உஷாவிடம் வந்து நிற்கிறது. நாட்டின் ரகசியங்களை எதிரிக்கு விற்ற கணவன் அவள் கையிலிருந்த துப்பாக்கியால் செத்திருக்கிறான்.

தமிழ் சினிமாவில் அதுவரை கணவனுக்காகத் தீக்குளித்த, எமனோடு வாதாடிய, கணவன் கொலையுண்டதற்காக ஊரை எரித்த பெண்கள் இருந்தார்கள். தாலி கட்டியவன் என்பதைவிட ஒரு பெண்ணுக்குப் பெரிய விசுவாசம் இருக்க முடியும் என்று காட்டிய உஷாவுக்கு முன்னோடி யாரென்று யோசித்தால் எனக்குச் சட்டென்று ஒரு பெயரும் வரவில்லை. அந்த உஷாவைப் பண்டரிபாய் கத்தலும் கதறலும் இல்லாமல் செய்திருக்கிறார். படம் முழுக்க விசாரணை அதிகாரியின் கேள்விகளுக்கு முன்னால் அவர் கேட்டுக்கொண்டு நிற்கும் நிலையில் ஓர் இறுக்கம் இருக்கும். முடிவு தெரிந்த பிறகு இரண்டாவது முறை படத்தைப் பார்த்தால்தான் அந்த இறுக்கத்தின் பொருள் புரியும்.

அதே 1954இல்தான் கன்னடத்தில் 'பேடர கண்ணப்பா' வந்தது. எச்.எல்.என். சிம்ஹா இயக்கியது. குப்பி வீரண்ணாவின் நாடகக் கம்பெனி மரபில் வளர்ந்த முத்துராஜ் என்ற நடிகர் இந்தப் படத்தில் ராஜ்குமார் என்ற பெயரில் கதாநாயகனானார். கன்னட சினிமா அதன் பிறகு அரை நூற்றாண்டு அவரைச் சுற்றித்தான் சுழன்றது. அவருக்கு முதல் ஜோடி பண்டரிபாய். நீலா என்ற வேடுவப் பெண் வேடம்.

தமிழ் படித்தவளாக எனக்கு இங்கே ஒரு குறுகுறுப்பு. நம் பெரியபுராணத்தில் சேக்கிழார் திண்ணனாருக்கு மனைவி கொடுக்கவில்லை. தாய் உண்டு, தந்தை உண்டு, நாணன், காடன் என்ற தோழர்கள் உண்டு, மலையேற்றம் உண்டு, கண்ணை இடந்து அப்புவது உண்டு. மனைவி இல்லை. கன்னடப் படத்தில் நீலா இருக்கிறாள். பக்தன் வீட்டை மறந்து மலையிலேயே கிடக்கும்போது வீட்டில் யார் இருக்கிறார்கள் என்ற கேள்விக்கு அந்தப் படத்தில் ஒரு முகம் கிடைக்கிறது. பக்தி இலக்கியம் படிக்கும்போது இந்தக் கேள்வியை நாம் இன்னும் நிறையப் பேரிடம் கேட்கலாம்.

தமிழின் மிகப் பெரிய நடிகரும் கன்னடத்தின் மிகப் பெரிய நடிகரும் கதாநாயகர்களாக அறிமுகமான படங்களில், இருவருக்கும் எதிரே நின்றவர் இந்த ஒரே பெண். இருவரையும்விடக் காமிரா அனுபவம் மிக்கவர். இதை நான் எந்த மேடையிலும் யாரும் சொல்லிக் கேட்டதில்லை.

சொந்தப் படமும் சக்குவின் கதையும்

குடும்பத்தோடு சேர்ந்து அவர் படத் தயாரிப்பிலும் இறங்கினார். 1955இல் 'சந்த சக்கு' வந்தது. தங்கை மைனாவதிக்கு அதுதான் முதல் படம். 'மாலையிட்ட மங்கை'யில் நடித்த அதே மைனாவதிதான். 1957இல் 'ராயர ஸொஸெ'. ஸொஸெ என்றால் மருமகள். ராயரின் மருமகள் என்று பொருள்.

சக்கு யார் என்பதைச் சொல்லியாக வேண்டும். மராத்திய நாட்டுப் பெண்ணடியார் அவர். மாமியார் வீட்டில் ஓயாத வேலை, அடி, பட்டினி. பண்டரிபுரம் போகும் அடியார் கூட்டத்தைப் பார்த்து அவளும் கிளம்ப நினைக்கிறாள். வீட்டார் அவளைத் தூணில் கட்டிப்போடுகிறார்கள். அப்போது விட்டலனே சக்குவின் உருவத்தில் வந்து அவளை அவிழ்த்துவிட்டு, தான் அந்தக் கட்டில் நிற்கிறான். அவள் யாத்திரை போகிறாள். அவள் திரும்பும்வரை கடவுள் மாவரைக்கிறார், தண்ணீர் சுமக்கிறார், பாத்திரம் தேய்க்கிறார், மாமியாரின் ஏச்சை வாங்கிக்கொள்கிறார்.

ஒரு மருமகள் நாலு நாள் வெளியூர் போக வேண்டுமென்றால் அவளுடைய வேலையைச் செய்யக் கடவுள்தான் இறங்கி வர வேண்டியிருக்கிறது. கணவன் வரவில்லை, மாமனார் வரவில்லை. பக்திக் கதை என்று சொல்லிப் பெண்கள் தலைமுறை தலைமுறையாகக் கடத்திவந்த மிகக் கூர்மையான கேலிகளில் ஒன்றாக இதை நான் வாசிக்கிறேன். தங்கள் பணம் போட்டுப் படம் எடுக்கும் வாய்ப்பு வந்தபோது, பண்டரியின் பெயரைச் சுமந்த பெண்ணின் குடும்பம் தொட்ட கதை இது என்பது எனக்குப் பிடித்திருக்கிறது.

1965: ஒரே ஆண்டு, இரண்டு வயது

1965 பொங்கலுக்குத் தமிழில் 'எங்க வீட்டுப் பிள்ளை' வந்தது. எம்.ஜி.ஆர். சவுக்கை எடுத்து நம்பியாரை விளாசும் காட்சிக்குத் திரையரங்குகள் அதிர்ந்தன. அந்த நம்பியாரின் மனைவியாகவும், எம்.ஜி.ஆருக்கு அக்காவாகவும் நடித்தவர் பண்டரிபாய். எம்.ஜி.ஆர். பிறந்தது 1917. அக்காவைவிடத் தம்பி பத்து வயதுக்கு மேல் மூத்தவர்.

அதே 1965இல் கன்னடத்தில் 'சத்ய ஹரிச்சந்திரா' வந்தது. ஹரிச்சந்திரனாக ராஜ்குமார். சந்திரமதியாகப் பண்டரிபாய். அரசியாக இருந்து, அடிமையாக விற்கப்பட்டு, மகனின் பிணத்தைத் தூக்கிக்கொண்டு சுடுகாட்டுக்கு வருகிறவள். நம் ஊர்த் தெருக்கூத்தில் விடிய விடிய நடக்கும் மயான காண்டத்தை அறிந்தவர்களுக்கு அந்த வேடத்தின் கனம் தெரியும். கன்னடத்தில் அந்தக் கனத்தைத் தாங்கும் கதாநாயகியாக இருந்தவர், ரயிலேறிச் சென்னை ஸ்டூடியோவுக்குள் நுழைந்ததும் அக்காவாகிவிட்டார்.

அடுத்த மூன்றாண்டில் 'குடியிருந்த கோயில்'. இப்போது எம்.ஜி.ஆருக்கு அம்மா. மகனுக்கு வயது 51. அம்மா நாற்பதை ஒட்டியவர். 1969இல் 'தெய்வ மகன்'. இதில் சிவாஜிக்கு மூன்று வேடம். தந்தை சிவாஜிக்கு மனைவியும் பண்டரிபாய்தான், இரண்டு மகன் சிவாஜிகளுக்குத் தாயும் அவர்தான்.

ஒரே நடிகர் ஒரே படத்தில் தந்தையாகவும் இளைஞனாகவும் வரலாம். மீசையும் நரையும் மாற்றினால் போதும். அதைச் சாதனை என்று கொண்டாடுவோம். நடிகை நரையை ஒருமுறை ஒட்டிக்கொண்டால் அது கழற்ற முடியாத நரை.

இது பண்டரிபாய் ஒருவரின் கதை என்றால் தனிமனித அதிர்ஷ்டம், துரதிர்ஷ்டம் என்று விட்டுவிடலாம். 1942இல் கண்ணகியாக நடித்த கண்ணாம்பா, 1954இல் 'மனோகரா'வில் தாய். 1940இல் பி.யு. சின்னப்பாவின் 'உத்தம புத்திர'னில் நாயகியாக நடித்த எம்.வி. ராஜம்மா, 1964இல் 'கர்ண'னில் குந்தி. கண்ணாம்பா தெலுங்கு நாடக மேடையிலிருந்து வந்தவர். ராஜம்மா கன்னட நாடக மேடையிலிருந்து வந்தவர், கன்னடத்தில் படம் தயாரித்த முதல் பெண்ணும் அவரே. பண்டரிபாயின் தாய்மொழி கொங்கணி. தமிழ்த்தாய், தமிழன்னை என்று நாம் உருகிய காலத்தில், திரையில் தமிழ் மகன்களுக்குச் சோறூட்டிய அம்மாக்கள் பலருக்குத் தாய்மொழி தமிழில்லை. வேறு மொழியை நாவில் வசப்படுத்தி, வரி வரியாகப் பாடம் செய்து, நம் தாயைப் போலவே பேசினார்கள். தாய்மை இயல்பாக ஊறுவது என்று நாம் நம்ப விரும்புகிறோம். இந்தப் பெண்கள் அதைத் தொழிலாகக் கற்று, கூலிக்குச் செய்துகாட்டினார்கள்.

அம்மா வேடத்தைக் கேவலமாகச் சொல்ல நான் வரவில்லை. கதாநாயகி வேடம் மட்டுமே நடிப்பு என்று நினைத்தால் நானும் ஸ்டூடியோ முதலாளிகளின் கணக்கையே போடுகிறேன் என்றாகும். 'கௌரவம்' படத்தில் பாரிஸ்டர் ரஜினிகாந்தின் மனைவி செல்லம்மாவை ஒருமுறை கவனித்துப் பாருங்கள். பெற்ற பிள்ளை இல்லாமல், எடுத்து வளர்த்த கண்ணனுக்கும் கணவனுக்கும் நடுவே நிற்கிறவள். இரண்டு வேடமும் சிவாஜியே. வசனமெல்லாம் அவருக்கே. அவர் பேசப் பேச, கேட்பவளின் முகத்தில்தான் அந்த வீட்டின் வெப்பம் நமக்குத் தெரிகிறது. ஹரிகதை மேடையில் எல்லாரையும் தானே பேசிய ஒருத்தி, திரையில் பேசாமல் நிற்கக் கற்றுக்கொண்டிருக்கிறார். எதிரே ஒருவர் கேட்காமல் எந்த வசனமும் எழும்பாது. அந்த வேலைக்கு விருதுப் பட்டியலில் பெயர் கிடையாது.

ராஜ்குமாரின் அம்மா, ரஜினியின் அம்மா

கன்னடமும் கடைசியில் அதே இடத்துக்கு வந்து சேர்ந்தது. 1986இல் 'அனுராக அரளிது'. எச்.ஜி. ராதாதேவி என்ற பெண் எழுத்தாளரின் நாவலைத் தழுவிய படம். ராஜ்குமார் அதில் இளம் தொழிலாளி. அவருக்கு அப்போது 57 வயது. படுத்த படுக்கையாகக் கிடக்கும் அவருடைய தாயாக நடித்தவர் பண்டரிபாய். 'பேடர கண்ணப்பா'வில் மனைவி, 'சத்ய ஹரிச்சந்திரா'வில் மனைவி, இப்போது அம்மா. அந்தப் படத்தைத் தமிழில் 1992இல் பி. வாசு 'மன்னன்' என்று எடுத்தார். அம்மா வேடத்துக்கு மறுபடியும் பண்டரிபாய். ரஜினிகாந்த் 1950இல் பிறந்தவர். எம்.ஜி.ஆருக்கும் சிவாஜிக்கும் ராஜ்குமாருக்கும் அம்மாவான பிறகு, வயதுக் கணக்குப்படி மகனாக இருக்கக்கூடிய ஒரு நாயகன் அவருக்குக் கடைசியில் கிடைத்தார்.

'மன்னன்' படத்தின் கதையை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள். ஒரு பக்கம் படுக்கையில் கிடக்கும் தாய், அவளுக்குப் பணிவிடை செய்யும் மகன். மறுபக்கம் தொழிற்சாலையைத் தன் கையில் வைத்து நடத்தும் பெண். விஜயசாந்தி நடித்த அந்தப் பெண்ணுக்குத் திமிர் என்று படம் பெயர் வைக்கிறது. படம் முடியும்போது அவள் வீட்டில் நிற்கிறாள், கணவன் வேலைக்குப் போகிறான். அதிகாரம் செய்த பெண்ணை அடக்குவதற்குப் படம் எடுத்துக்கொண்ட ஆயுதங்களில் ஒன்று, படுக்கையில் கிடந்த அந்தச் சாந்தமான முகம். அந்த அம்மாவைப் பார், நீயும் இருக்கிறாயே என்பதுதான் அந்தப் படம் நமக்குச் சொல்வது. அம்மாவாக நடித்தவரோ சொந்தமாகப் படம் எடுத்தவர், ஸ்டூடியோ ஸ்டூடியோவாகப் போய் உழைத்துச் சம்பாதித்தவர், துப்பாக்கி பிடித்த உஷா. வேலைக்குப் போகும் பெண்ணை வீட்டுக்கு அனுப்பும் கதைக்கு, வாழ்நாள் முழுக்க வேலைக்குப் போன ஒரு பெண்ணின் முகத்தைக் கடன் வாங்கியிருக்கிறார்கள்.

என் வீட்டுக் கதையும் இதில் உண்டு. பக்கவாதம் வந்து என் அம்மா இரண்டு ஆண்டுகள் படுக்கையில் கிடந்தார். காலையில் அம்மாவைத் துடைத்து, துணி மாற்றி, கஞ்சி புகட்டிவிட்டு எட்டரை மணி பேருந்தைப் பிடிப்பேன். மதிய உணவு இடைவேளையில் பக்கத்து வீட்டு அக்காவுக்கு ஃபோன். சாயங்காலம் வந்து மறுபடி எல்லாம். "படிச்சு என்ன, அம்மாவ வச்சுப் பாத்துக்க ஒரு லீவு போடத் தெரியல" என்று உறவுக்காரர் ஒருவர் என் காதுபடவே சொன்னார். வெளியூரில் இருந்த தம்பி மாதம் ஒருமுறை வருவான். ஒருநாள் அவன் அம்மாவைத் தூக்கி நாற்காலியில் உட்காரவைத்து இரண்டு வாய் ஊட்டினான். அதே உறவுக்காரருக்குக் கண் கலங்கிவிட்டது. "மன்னன் படத்துல ரஜினி மாதிரி தாங்குறான் பாரு." தம்பி நல்லவன். அவனுக்கே கூச்சமாகப் போய்விட்டது. அன்று ராத்திரி அம்மாவின் விரிப்பை அலசிக்கொண்டே எனக்கு அழுகையும் சிரிப்புமாக வந்தது. மகள் செய்வதற்குப் பாட்டுக் கிடையாது. மகள் செய்தால் அது வேலை. சக்குவின் வீட்டில் கடவுள் செய்தது யார் கண்ணுக்கும் தெரியாமல் போனதும் அதனால்தான். பார்த்தவர்களுக்கு அது வழக்கமாக அவள் செய்கிற வேலை.

வாழ்வின் கடைசிப் பத்தாண்டுகளில் ஒரு சாலை விபத்தில் பண்டரிபாய் ஒரு கையை இழந்தார். 2003 ஜனவரி 29 அன்று சென்னையில் இறந்தார். திரையில் எத்தனையோ நாயகர்களின் தலையைக் கோதிய கை அது என்று எழுதத் தோன்றுகிறது. எழுதினால் மறுபடியும் அவரை அம்மாவாக்கிவிடுவேன். ஹரிகதை மேடையில் தாளம் போட்ட கை, உஷாவின் துப்பாக்கியைப் பிடித்த கை, சம்பளத்தை எண்ணி வாங்கிய கை என்றும் எழுத வேண்டும்.

இப்போது என் வகுப்பில் திரையிடும் வரிசையை மாற்றிவிட்டேன். முதலில் 'அந்த நாள்', பிறகுதான் 'பராசக்தி'. உஷாவைப் பார்த்துவிட்டு விமலாவிடம் வரும் பிள்ளைகள் நீதிமன்றக் காட்சிக்காக மட்டும் காத்திருப்பதில்லை. போன பருவத்தில் ஒப்படைப்புக்குத் தலைப்பு கேட்டு ஒரு மாணவி வந்தாள். குணசேகரனுக்கு விமலா பேசும் இடத்தை எடுத்து எழுதட்டுமா மேடம், கருத்தரங்கில் அதையே பேசிக்காட்டவும் செய்கிறேன் என்றாள். செய் என்றேன். பேசிக்காட்டினாள். நடுவில் இரண்டு இடத்தில் திக்கினாள், தாளைப் பார்த்துக்கொண்டு தொடர்ந்தாள். பின்வரிசையில் யாரும் கூடவே சேர்ந்து பேசவில்லை. யாருக்கும் அது மனப்பாடமாகத் தெரியாது. முழு வகுப்பும் கேட்டுக்கொண்டிருந்தது.